கோல்பவுக்குத் தமிழ்

சாரங்கா,

நான் வேலைக்குப் போறன். மீன்குழம்பு பிரிட்ஜில இருக்கு, சூடாக்கிச் சாப்பிடு. உன்ர செமி ஒட்டோமெட்டிக் வேட்டைத் துவக்குக்குப் பார்சல் வந்திட்டுது. தோளில முட்டுற பின்கட்டை, நீட்டிக் குறுக்கிற புதுக் கோல்ப. பின்னேரம் ஆரணன் அண்ணா ஒடென்சேயில இருந்து வருவான். பழசைக் கழட்டேக்க அவனைப் பிடிக்கச் சொல்லு. நான் பிடிக்கமாட்டன்.

நேற்று, கோல்ப எண்ட டெனிஷ் சொல்லுக்குத் தமிழில என்னெண்டு கேட்டனீ. தெரியாதெண்டு எழும்பிப் போனன். தெரியும். பிடங்கு.

நீ பின்னால கூப்பிட்டது சத்தியமாக் கேக்கேல்லை. "காதில விழுறேல்லையோ" எண்டு டெனிஷில கத்தினதுதான் கேட்டது.

அப்பா

இதையும் சொல்லோணும்: யாழ்ப்பாணத்தில ஆமிக்காரன் எனக்குப் பிடங்காலதான் அடிச்சவன். இடது காது அண்டைக்கே போச்சு. நேற்று நீ அந்தப் பக்கம்தான் நிண்டனீ, பிள்ளை.