காய்ச்சல் அட்டையில் எழுதக்கூடாதது

14-3-1927, திங்கள்

காலைப் பெரட்டில், ஆள் கணக்கெடுக்கும்போது, எல்லாருக்கும் காய்ச்சல் மருந்தான கொய்னா ஊற்றினேன். வேலாயி கோப்பையை வாங்கும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஏனென்று தெரியாதா எனக்கு? அவள் மகள் காளியம்மாவை ஜன்னியோடு தூக்கி வந்தபோது இந்தத் தோட்டத்து டிரெஸ்ஸர், மருந்து கொடுக்கிற நான், ஆஸ்பத்திரியில் இல்லை. வீட்டில் சோறு தின்றுகொண்டிருந்தேன். நான் கை கழுவிவிட்டு ஓடி வருவதற்குள் முடிந்துவிட்டது. மூன்று வயது. மாதம் ஒன்றாகிறது. அன்றிலிருந்து மதியச் சோற்றைத் தொடுவதில்லை. சாவுக்கும் போகவில்லை. எந்த முகத்தோடு போவது?

17-3, வியாழன்

துரைக்கு வணக்கம் சொன்னேன். பதிலில்லை. யாரோ வத்தி வைத்துவிட்டார்கள். வேலை போகப்போகிறது. செலண்டார் வட்டாரத் தோட்டங்களில் பிறகு என்னை எவன் சேர்ப்பான்? பிள்ளையைக் கொன்றவன் என்ற பெயர் எனக்கு முன்னால் போய் நிற்கும்.

26-3, சனி

கூலியாட்களை மேற்பார்க்கும் தண்டல் அங்கமுத்து வந்தார். "ஐயா, வேலாயிக்கு நாலு நாளா குளிர் போட்டு ஆட்டுது. ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டா வரமாட்டேங்குதுலா."

எப்படி வருவாள்? என் கையால் மருந்து குடிப்பதைவிடச் சாவதே மேல் என்று கிடக்கிறாள். சீசாவை அவரிடமே கொடுத்தனுப்பினேன். நான் போகவில்லை.

29-3, செவ்வாய்

போகவில்லை.

2-4, சனி

ஆஸ்பத்திரியில் இருக்கும் இருளாண்டியின் காய்ச்சல் அட்டையை எடுத்தேன். சூடும் நாடியும் எழுத வேண்டிய இடத்தில் ‘தேறமாட்டான்’ என்று இருக்கிறது. என் கையெழுத்துதான். ஆள் வாசலில் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டு, கோப்பி இல்லையா என்று கேட்கிறான்.

அட்டையில் பார்த்ததைத்தானே எழுத வேண்டும்? இதை எங்கே பார்த்தேன்?

இந்த நோட்டைப் புரட்டினேன். வேலாயி முகம் திருப்பினாள் — பார்த்தேன். என்னை வெறுக்கிறாள் — அதை நானே எழுதியிருக்கிறேன். துரை பேசவில்லை — பார்த்தேன். வத்தி வைத்தது யார்? துரைக்கு அன்று பல்வலி. மறுநாள் கிராம்புத் தைலம் கொடுத்ததே நான். அப்போதும் உறைக்கவில்லையே, மடையா.

வேலாயி குடியிருக்கும் கூலி லயத்துக்கு இப்போதே போகிறேன்.

அன்றே மாலை

வேலாயி பாயில் கிடந்தாள். சூடு நூற்றைந்து. சீசா திறக்கப்படவில்லை.

"ஏம்மா, எம்மேல கோவமா?"

"உங்கமேல எதுக்குய்யா கோவம்?" சீசாவைத் தள்ளி வைத்தாள். பிறகு சொன்னாள். "காய்ச்சல் கண்ட அன்னிக்கே நீங்க மருந்து குடுத்தீங்க. கசக்குதுன்னு புள்ள அழுதுச்சு. ரெண்டு நாளும் வீட்டுக்குப் பின்னால கொட்டிட்டேன். உங்களப் பாத்தா கேட்டுருவீங்களோன்னு பயம். நாந்தான்யா கொன்னேன். எனக்கு எதுக்கு மருந்து?"

ஒன்றரை மாதமாக அவளுக்கு நான் பயந்தேன், எனக்கு அவள் பயந்திருக்கிறாள்.

பொய் சொல்ல மனம் வரவில்லை. "குடிச்சிருந்தா பொழச்சிருக்கலாம். குடிச்சும் செத்த புள்ளைங்க இருக்கு. எனக்குத் தெரியாது, வேலாயி. ஒனக்கும் தெரியாது."

அழுதாள். பிறகு வாய் திறந்தாள். ஊற்றினேன்.

5-4, செவ்வாய்

விடியும்போது வேலாயி போய்விட்டாள்.

அடக்கத்துக்குப் போனேன். குழி மூடும் வரை நின்றேன். யாராவது ஏசியிருந்தாலும் நின்றிருப்பேன்.

‘நானே கொன்றேன்’ என்று எழுதக் கை துடிக்கிறது. எழுதமாட்டேன். தண்டல் வந்து சொல்லியும் ஏழு நாள் போகவில்லை. அது நடந்தது, அது என்னுடையது. அதற்கு மேல் ஓர் எழுத்தும் எனக்குத் தெரியாது. ஏழு நாள். தாங்க முடியவில்லை.

20-6, திங்கள்

பெரட்டில் லயத்துப் பெண் குஞ்சம்மா என்னைக் கண்டதும் தலை குனிந்து ஒதுங்கினாள். இடுப்பில் பிள்ளை. உள்ளே வந்து இந்த நோட்டில் ‘இவளும் என்னை’ என்று ஆரம்பித்தேன். அடித்துவிட்டு எழுந்து அவள் லயத்துக்குப் போனேன்.

பிள்ளைக்கு நூற்றிரண்டு. நேற்று நான் கொடுத்த மருந்தைக் கொட்டியிருந்தாள். திட்டவில்லை. சீனி கலந்து, பிள்ளை துப்பத் துப்ப, மடியில் போட்டு முழுவதும் குடிக்க வைத்தேன்.

மதியச் சோறு சாப்பிட மணி மூன்றாகிவிட்டது.