மூச்சுக்கல் ஆறிய வீடு

உருகுமாதம் 3
இன்று படகுக்காரன் ஒருவனுக்குக் கல் பிளக்க வேண்டியிருந்தது. பாதி நேரத்திலேயே இருமித் துப்பிவிட்டான். விடியலிலிருந்து மதியம் வரை நாக்கடியில் கிடந்தால்தான் மூச்சுக்கல் ஆளின் உயிரைப் பிடிக்கும்; பிறகுதான் பிளந்து ஒரு பாதியை ஆளின் கழுத்திலும் மறுபாதியை வீட்டிலும் கட்டலாம். இந்த ஊரில் பால்குடி மறந்த பிள்ளைக்குக்கூடத் தெரியும். என் கணவன் தெல்மர் சுரங்கத்திலிருந்து வந்ததும் அதை நடித்துக் காட்டினேன். சிரிப்பில் மீன் கருகிவிட்டது.

உருகுமாதம் 6
சுரங்கத்தின்மேல் மலை இறங்கிவிட்டது.
வடக்குக் குடைவில் என் தெல்மர். தெற்குக் குடைவில் பக்கத்து வீட்டு நைரினின் கணவன் கோவ்ரெக். மற்ற எல்லோரும் வெளியே வந்துவிட்டார்கள்.
ஓடிவந்து வாசல் நிலையில் தொங்கும் தோல்பையைத் தொட்டேன். உள்ளே கல் சூடாக இருந்தது. அவன் கழுத்திலிருக்கும் மறுபாதியும் அப்படித்தான் இருக்கும். உயிர் இருக்கிறது.

உருகுமாதம் 7
ஆறிப்போச்சு. காலையில தொட்டேன். ஆறிப்போச்சு.

உருகுமாதம் 8
சுரங்க மேலாள் ஹால்தன் வந்து பையைத் தொட்டுப் பார்த்தார். "கல்லு ஆறின பக்கம் ஆள விடமுடியாதும்மா. உசுரு இருக்கற பக்கம்தான் வெட்டணும்" என்றார். முறை அதுதான். நைரினின் கல் சுடுகிறது. அதனால் எல்லோரும் தெற்கில் வெட்டுகிறார்கள்.
நைரின் கஞ்சி கொண்டுவந்து கொடுத்தாள். அவள் முகத்தைப் பார்க்காமல் குடித்தேன். அவள் கல்லும் ஆறினால் என்ன என்று ஒரு நொடி நினைத்தேன். என்ன மனுஷி நான்?

உருகுமாதம் 9
ஆறிய கல்லைப் புதைக்க வேண்டும். பையைப் பிரித்தேன். கல்லில் கறுப்பு நரம்பு ஓடுகிறது.
தெல்மருக்கு நான் பொறுக்கிய கல்லில் ஒரு புள்ளிகூடக் கிடையாது!
போன இலையுதிர்மாதம் தெல்மரும் கோவ்ரெக்கும் ஒரே நாளில் என் பலகையில் உட்கார்ந்தார்கள். எனக்குக் காய்ச்சல். அவர்கள் பாதிகளை உடனே கழுத்தில் கட்டிவிட்டேன். வீட்டுப் பாதிகள் இரண்டையும் ஒரே தட்டில் வைத்தேன். பிறகு பையில் போட்டுத் தைத்து ஆளுக்கொன்று கொடுத்தேன். இருவரும் உயிரோடு இருந்தார்கள், இரண்டும் சுட்டன. யாருக்குத் தெரியும்? சூடான பையைப் பிரிக்கவும் கூடாது.
பிளந்ததும் வீட்டுப் பாதியை மெழுகில் அழுத்திப் பெயர் கீறி வைப்பது என் வழக்கம். மெழுகுப் பாளங்களை எடுத்துப் பார்த்தேன். என் வீட்டுக் கல் கோவ்ரெக்கின் அச்சில் கச்சிதமாக உட்கார்ந்தது.
அப்படியானால் உயிரோடு இருப்பவன் தெல்மர். வடக்கில். இவர்கள் செத்தவன் பக்கம் வெட்டிக்கொண்டிருக்கிறார்கள்.
முதலில் சந்தோஷம்தான் வந்தது. மறைக்காமல் எழுதுகிறேன். நைரின் நினைவு அப்புறம்தான் வந்தது.

உருகுமாதம் 10
ஹால்தன் நம்பவில்லை. "துக்கத்துல பேசறம்மா. இத நான் கேட்டா நாளைக்கு ஆளாளுக்கு இதையே சொல்லுவாங்க."
மிச்சச் சாட்சி நைரினின் பைக்குள் இருக்கிறது. போனேன். பையை உள்ளங்கையில் பொத்திக்கொண்டு வாசலில் நின்றிருந்தாள்.
"என் புருஷன் செத்துட்டான்னு சொல்லவா வந்த?"
"என் கை தப்பு பண்ணிடுச்சு நைரின். ஒரே ஒரு தடவ பிரிச்சுப் பாரு."
"சுடுற பையப் பிரிச்சா உள்ள இருக்கறவன் மூச்சு நின்னுடும். பிரிச்சு, அது கோவ்ரெக்கா இருந்துட்டா? நீ தருவியாடி அவன?"
கதவைச் சாத்திவிட்டாள்.
நாலு நாள் ஆகிறது. தண்ணீர் இருக்குமா அங்கே?

உருகுமாதம் 11
விடிந்ததும் நைரின் வந்தாள். "மெழுக எடு" என்றாள். கத்தியால் பையின் தையலை அவளே அறுத்தாள்.
வெள்ளைக் கல். ஒரு புள்ளி இல்லை. தெல்மரின் அச்சில் மயிரிழை இடைவெளி இல்லாமல் பொருந்தியது. அவள் கட்டைவிரலை அதன்மேல் வைத்து வெகுநேரம் எடுக்கவில்லை.
"சுடுது. உன் ஆளுதான்."
பிறகு என்னை ஓங்கி அறைந்தாள். கல்லையும் பாளத்தையும் எடுத்துக்கொண்டு சுரங்க வாயிலுக்கு நடந்தாள். "வடக்க வெட்டுங்கடா!" என்று அவள் கத்தியது எங்கள் தெருவரை கேட்டது.

உருகுமாதம் 12
வடக்கில் வெட்டுகிறார்கள். கல் நைரினிடம்தான் இருக்கிறது. இன்னும் சுடுகிறதா என்று கேட்க எனக்கு வாய் இல்லை.

உருகுமாதம் 13
தெல்மர் வந்துவிட்டான். இடது கால் நசுங்கிவிட்டது. தண்ணீர் குடித்ததும் கோவ்ரெக் எங்கே என்று கேட்டான்.

விதைமாதம் 20
என்னிடம் இப்போது யாரும் கல் பிளக்க வருவதில்லை. ஆற்றுக்கு அக்கரையில் ஒருத்தி இருக்கிறாள், அவளிடம் போகிறார்கள். போகட்டும், நானாயிருந்தாலும் போவேன்.
இன்று விடியலில் கதவைத் திறந்தால் பலகையில் நைரின். அன்று அறைந்த பிறகு அவள் என்னிடம் பேசியதே இல்லை. இப்போதும் வாய் மூடியிருந்தது, உள்ளே கல். மடியில் கோவ்ரெக்கின் சுத்தியல். அவன் இடத்துக்கு இவள் சுரங்கத்தில் இறங்கப்போகிறாள்.
மதியம் வரை எதிரெதிரே உட்கார்ந்திருந்தோம். மூன்று முறை கை கழுவினேன். பிளந்து, ஒரு பாதியை அவள் கழுத்தில் கட்டினேன்.
"வீட்டுப் பாதிய யாருகிட்ட கொடுக்க?"
"எனக்கு யாரு இருக்கா? உன் வாசல்ல மாட்டு" என்றாள். சுத்தியலைத் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தாள்.
பை தைக்கவில்லை. வெறும் கல்லாகவே நிலையில் கட்டியிருக்கிறேன். இதை எழுதும் முன்பும் போய்த் தொட்டுப் பார்த்தேன். சூடாக இருக்கிறது.