சுண்ணாம்புப் பானைக்குள் போன தடம்

என் கண்ணு, தம்பி மாயா,

நீ போய் ஏழு மாதம் ஆகிறது. எழுத்துக் கூட்டித்தான் எழுதுகிறேன், பொறுத்துக்கொள்.

மலையில் மஞ்சு இறங்கினால் இப்போதும் கடமலைக்குண்டில் உன் பேச்சுதான். மஞ்சோடு வந்து மஞ்சோடு மறையும் சாம்பல் நிறப் புலியை இருபது வருடம் தேடினாயே. கண்டதாகச் சொல்கிறவர்களை, ஒருத்தர் சொல்வது மற்றவர் காதில் விழாமல் தனித்தனியாகக் கேட்டு நோட்டில் எழுதுவாய். அது சொறி பிடித்த சிறுத்தைதான் என்று தெரிந்தால் அந்தப் பக்கத்தை நீயே கோடு போட்டு அடித்துவிடுவாய். நீ பார்த்ததாக ஒரு வரி எழுதியதில்லை.

டீக்கடைக்காரர், "ஏன் ஆத்தா, ஒந்தம்பி புலிக்குப் பொண்ணு கேக்கப் போயிருக்கானா?" என்றாரே, அது அப்படியே மனசில் கிடக்கிறது. உன் இழவுக்கு வந்து நின்றார். முகம் கொடுக்கவில்லை நான். இவ்வளவு ஞாபகம் வைத்திருக்கிறவள், ஒன்றை மட்டும் உன்னிடம் மறைத்துவிட்டேன்.

உனக்குக் கிடைத்தது ஒரே ஒரு கால்தடம். ஓடைக்கரைச் சேற்றில் மாவுக்கட்டுப் பொடியைக் கரைத்து ஊற்றி அச்செடுத்து வைத்திருந்தாய். அது காணாமல் போனதும் செல்லாண்டிதான் எடுத்தான் என்றாய். கம்பத்திலிருந்து எஸ்டேட்டுக்கு ஜீப் ஓட்டுகிறவன், உன்னோடு மலையெல்லாம் நடந்தவன். சவாரிக்கு வருகிறவர்களிடம் காட்ட அந்த அச்சைக் கேட்டிருந்தானாம். அன்றோடு அவனிடம் பேச்சை விட்டாய். ஒன்பது வருடம்.

எடுத்தது நான், தம்பி. பொங்கலுக்கு வெள்ளையடிக்கச் சுண்ணாம்பு பற்றவில்லை. கட்டிலுக்கடியில் சாக்குக்குள் வெள்ளைக் கட்டியாகக் கிடந்தது. பானைத் தண்ணீரில் போட்டேன், கொதிக்கவில்லை. பழைய சுண்ணாம்பு என்று நினைத்து, உலக்கையால் இடித்துக் கலக்கிப் பின்கட்டுச் சுவரில் அடித்துவிட்டேன். சாக்கை உதறிப் பார்த்து நீ உட்கார்ந்தாயே, அப்போதுதான் புரிந்தது. வாய் வரவில்லை. நாள் ஆக ஆக இன்னும் வரவில்லை. நீ என்னோடும் பேச்சை விட்டிருந்தால் நான் என்ன செய்வேன்?

போன வாரம் செல்லாண்டியை வரவழைத்துச் சொல்லிவிட்டேன். காப்பி டம்ளரைக் கீழே வைத்தான்.

"அப்ப என்னையத் திருடன்னு நெனச்சுக்கிட்டேதான் போனானாக்கா?"

அதற்குப் பதிலை நீயாவது சொல்லேன்.

பிறகு எழுந்து பின்கட்டுக்குப் போய்ச் சுவரில் உள்ளங்கையை வைத்தான். "இதுலயா இருக்கு?"

"இங்கனதான், எங்கனயோ."

திட்டுவான் என்று காத்திருந்தேன். உன் நோட்டைத்தான் கேட்டான். கொடுத்தேன். மழை விட்டதும் பொடி வாங்கிக்கொண்டு அதே ஓடைக்குப் போகிறானாம்.

மறுபடி ஒரு தடம் கிடைத்தால் என் டிரங்குப் பெட்டியில், கூறைச்சேலைக்கு அடியில் வைப்பேன். மேலே என் கோணல் எழுத்தில் எழுதி ஒட்டுவேன்: "இது சுண்ணாம்பு இல்லை." சத்தியம்.

உன்னை இடுப்பில் தூக்கித் திரிந்த
உன் அக்கா, பேச்சி