வேறு லெட்சுமி வாங்கிய நொத்தீஸ்

மச்சான்,

இது இப்படித்தான் முடியும் என்று நான் அன்றைக்கே சொன்னேனா இல்லையா? மேல் நீதிமன்றத் தீர்ப்பின் போட்டோக் கொப்பி இப்போது என் கையில் இருக்கிறது. சூடு ஆறவில்லை, மை வாசனை மூக்கில் ஏறுகிறது. பதுளை பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். உன் மகள் லெட்சுமி பக்கத்தில் இருக்கிறாள். பேத்தி அவள் மடியில் தூங்குகிறாள்.

இந்தப் பிள்ளையை நாம் பறிகொடுத்திருப்போம், மச்சான். லெட்சுமியின் புருஷன் விவாகரத்துக் கேட்டு, பிள்ளையும் தனக்கே வேண்டும் என்று வழக்குப் போட்டது நமக்குத் தெரியவே தெரியாது. நொத்தீஸ் கொண்டுவந்த கோர்ட் ஆள், காலையில் நாம் வேலைக்குப் பேர் கொடுக்கும் பெரட்டுக்களத்தில் நின்று, "லெட்சுமி யாரு?" என்று கேட்டிருக்கிறார். நம் தோட்டத்தில் எழுபது லெட்சுமி. சரி, முறைக்காதே, மூன்று பேர். உன் மகள் அன்றைக்குக் காய்ச்சலில் படுத்திருந்தாள். ஐந்தாம் லயத்துக் கிழவி லெட்சுமி, வீடு கட்டக் காணி கொடுக்கும் கடதாசிதான் வந்துவிட்டது என்று நினைத்து, "நாந்தாங்க ஐயா!" என்று ஓடிப்போய்க் கைநாட்டு வைத்து வாங்கிவிட்டாள். சிங்களத்தில் இருந்ததை அவள் எங்கே வாசிப்பது?

'தாய்க்குக் கடதாசி கொடுத்தாயிற்று, தாய் வரவில்லை' என்று, பிள்ளையைத் தகப்பனிடம் ஒப்படைக்கக் கீழ்க்கோர்ட்டில் உத்தரவு போட்டுவிட்டார்கள். நாம் போய்க் கெஞ்சினோம். பெயர் சரியாகத்தானே இருக்கிறது என்று தள்ளிவிட்டார்கள்.

நொத்தீஸை வாங்கியது யாரென்று தேடி, அந்த இருமலோடு, மழையில் லயம் லயமாக, வீடு வீடாக ஏறி இறங்கினாய் நீ. கடைசியில் கிழவி லெட்சுமி வீடு.

"ஆயா, சிங்களக் கடதாசி ஏதாச்சும் வந்துச்சா?"

"வந்துச்சுப்பா. காணிக் கடதாசி. ஏன், ஒனக்கு இன்னும் வரலியா?"

சாமி படத்துக்குப் பின்னாலிருந்து அவள் எடுத்துக் கொடுத்ததும், வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டாய். "ஆயா, வெள்ளிக்கிழம வெள்ளிக்கிழம சூடம் காட்டி நீங்க கும்பிட்டது என் மக விவாகரத்துக் கேஸ!"

"அப்போ எனக்குக் காணி இல்லியா?" என்றாள் அவள்.

மேல் கோர்ட்டில் நம் லோயர் திணறியபோது நானே எழுந்து, "கனம் ஐயா, கைநாட்டு வச்சவ வேற, எங்க லெட்சுமி கையெழுத்துப் போடுறவ!" என்றேன். கோர்ட்டே அசந்துபோனது. "நீ வெளியில பிளேன்டி குடிச்சுக்கிட்டு இருந்திருப்ப" என்று நீ சொல்வது கேட்கிறது. குடித்தேன்தான், பிறகு. தாயைக் கேட்காமல் பிள்ளையைப் பற்றிப் போட்ட உத்தரவு செல்லாது, வழக்கை முதலிலிருந்து விசாரிக்க வேண்டும், அதுவரை பிள்ளை தாயோடுதான் இருக்க வேண்டும் என்று தீர்ப்பில் எழுதியிருக்கிறது.

ஒன்றை மட்டும் உன்னிடம் சொல்லிவிட வேண்டும். ஆஸ்பத்திரியில் உன்னை உயிரோடு கடைசியாகப் பார்த்த மத்தியானம், மூச்சு வாங்க வாங்க, "கேஸ் என்னாச்சுடா?" என்றாய்.

"ஜெயிச்சாச்சு மச்சான். புள்ள நம்மகிட்டதான். என் காதால கேட்டேன்."

எப்போதும் சொல்வதுபோல் "சும்மா அளக்காத" என்று நீ சொல்லவில்லை. வாழ்நாளில் முதல் தடவையாக என் பேச்சை நம்பி, என் கையில் மெல்லத் தட்டினாய். இன்று வரை அந்த இடம் எனக்குத் தெரிகிறது.

அன்றைக்குத் தீர்ப்பு எதுவும் வரவில்லை, மச்சான். மேல் கோர்ட்டில் வழக்கை விசாரணைக்கே எடுத்திருக்கவில்லை. அது நான் கட்டிச் சொன்னது.