பொக்கற்றுக்குள் இருக்கும் அப்பா

ரெக்ஸ்டேல்,
தை 18.

தேனுகாவின் அப்பாவுக்கு,

உடம்பு சுகமாயிருப்பீர்கள் என்று நம்புகிறேன். போனில் பேசினால் பிள்ளை பக்கத்தில் வந்து நின்றுவிடுகிறாள். எல்லாம் விளங்குகிற வயது. அதனால்தான் எழுதுகிறேன்.

உங்களை இந்த நாட்டுக்குக் கூப்பிடும் விசா விண்ணப்பத்தை இம்முறையும் மறுத்துவிட்டார்கள். இனி வழியில்லை என்று லோயர் கையை விரித்துவிட்டார். அவளிடம் இன்னும் சொல்லவில்லை. மிசிசாகாவில் விமானங்களுக்குச் சாப்பாட்டுத் தட்டு அடுக்கும் வேலைக்குப் போய் வருகிறேன். கைகள் மட்டும்தான் வேலை செய்கின்றன.

அவளை வயிற்றில் சுமந்துகொண்டு நான் இங்கே வந்தேன். நீங்கள் ஒருநாளும் அவளைத் தொட்டதில்லை. ஆனாலும் அவள் சிரிப்பெல்லாம் உங்களுக்குத் தெரியும். கைக்குழந்தையில், துவாயால் என் முகத்தை மூடித் திறந்தாலே போதும். பிறகு சோற்றுச் சட்டியைத் தலையில் கவிழ்த்து வீடியோவில் காட்டினாள். முதலாம் வகுப்பில் தலையும் வாலுமில்லாத விடுகதைகள்; சொல்லி முடிக்குமுன் தானே சிரித்துவிடுவாள். மட்டக்களப்பிலிருந்து நீங்களும் சேர்ந்து சிரித்தீர்கள். இப்போது நாலாம் வகுப்பு. பகிடி எல்லாம் ஆங்கிலத்தில்தான், இரண்டு அர்த்தம் வைத்து.

போன கிழமை அவளுடைய ஆசிரியை பேர்ணடெற்றைச் சந்தித்தேன். வகுப்பில் ஆளுக்கொரு பகிடி சொல்லச் சொன்னாராம். தேனுகா எழும்பி, உலகத்திலேயே மெல்லிய அப்பா என்னுடைய அப்பாதான், அம்மாவின் பொக்கற்றுக்குள் இருப்பார், சார்ஜ் இறங்கினால் செத்துப்போவார் என்றாளாம். வகுப்பே கைதட்டிச் சிரித்ததாம். வயதுக்கு மீறிய நகைச்சுவை என்று ஆசிரியை மெச்சினார். நானும் சிரித்து வைத்தேன்.

பஸ்ஸில், ஏன் பிள்ளை அப்படிச் சொன்னாய் என்று கேட்டேன். ஆவி படிந்த கண்ணாடியில் விரலால் கீறிக்கொண்டே, "அழுதா ஒருத்தரும் பக்கத்தில வரமாட்டினம், அம்மா. பகிடி விட்டா வருவினம்" என்றாள். கொஞ்ச நேரத்தில், "அப்பாவுக்கும் சொல்லப் போறன். சிரிப்பாரோ?" என்று கேட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை சொல்வாள். கும்பிட்டுக் கேட்கிறேன், ஒன்றும் தெரியாதவர்போல் கேளுங்கள். கேட்டுவிட்டுச் சிரியுங்கள். லைன் சரியில்லை என்று வீடியோவை நிறுத்திவிடாதீர்கள். நீங்கள் சிரித்து முடிக்கும்வரை அவள் உங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள்.

மாமாங்கப் பிள்ளையார் உங்களைக் காக்கட்டும்.

உங்கள்
சஜிதா