ஏழாம் நம்பர் கையுறை

நவம்பர் 10, திங்கள்

மன்னிக்கவும். யாரிடம் கேட்கிறேன் என்று தெரியவில்லை. நோட்டிடம்தான். இது பயிற்சி மையம் கொடுத்த செய்முறைப் பதிவேடு. முன்பக்கத்தில் கட்டம் போட்டு அச்சடித்திருக்கிறார்கள்: தேதி, வேலை, நானே செய்தது, பயிற்சியாளர் கையெழுத்து, குறிப்பு. இதில் சொந்தக் கதை எழுதக் கூடாது. அதனால் தலைகீழாகத் திருப்பிக் கடைசிப் பக்கத்திலிருந்து எழுதுகிறேன். கிழிப்பதற்குச் சுலபம்.

காலையிலிருந்து தூறல். கருவடிக்குப்பத்தில் டெம்போவுக்கு அரை மணி நேரம். சுடிதார் முழங்கால் வரை சேறு. பத்து நிமிடத் தாமதம் என்று ஓடிவந்தேன். பயிற்சியாளர் தேவநாதன் சார் (இனி தே. சார்) பதினொன்றுக்குத்தான் வந்தார்.

வந்த காரணத்தை எழுதி வைக்கிறேன். ஷோரூமில் மூன்று வருடமாக வரவேற்பு மேசை. வண்டிக்காரர்கள் சொல்லும் குறையை எழுதிப் பட்டறைக்கு அனுப்புவது என் வேலை. பிரேக் பிடித்தால் கிறீச். ஏசி போட்டால் இழுவை இல்லை. எழுதி எழுதி, வாசலில் நுழையும் சத்தத்திலேயே பாதிக் கோளாறு தெரிந்துவிடும். யாரிடமும் சொன்னதில்லை. பி.எஸ்ஸி. இயற்பியல் படித்தவள் என்பதே அங்கே பாதிப் பேருக்குத் தெரியாது. ஜனவரியில் மின்சார வண்டிகளுக்குத் தனிப் பட்டறை வருகிறது. மேனேஜர் சொன்னது அப்படியே:

"ஆறு நாள் கிளாஸ். பேட்டரியத் துண்டிக்கிற வேலைக்குப் பதிவேட்டுல கையெழுத்து வாங்கிட்டு வா. அது இருந்தா பட்டறைக்குள்ள எடுத்துக்கறேன். இல்லன்னா திரும்ப டேபிள்தாம்மா."

ஒரே ஒரு கையெழுத்து.

பதினெட்டுப் பேர். பெண் நான் மட்டும். எங்கள் ஷோரூமிலிருந்து அந்தோணி அண்ணனும் வந்திருக்கிறார். குருசுக்குப்பத்துக்காரர், இஞ்சின் பிரிப்பதில் இருபது வருடக் கை. "வா தங்கச்சி. நானும் உன்ன மாரி ஒண்ணாங் கிளாஸ்தான்" என்று பக்கத்தில் இடம் போட்டுக் கொடுத்தார்.

சிலைடு எல்லாம் ஆங்கிலம். தே. சார் வரி விடாமல் படித்தார், அவ்வளவுதான். அந்தோணி அண்ணன் பென்சிலால் காதைக் குடைந்துகொண்டே, "முசியே இன்னா சொல்றாரு?" என்று கேட்டார் (அவருக்கு எந்த சாரும் முசியேதான்). தமிழில் எழுதி நகர்த்தினேன். மூன்றாவது சிலைடிலிருந்து எனக்குப் பின்னால் இருந்தவர்களும் எட்டிப் பார்த்து எழுத ஆரம்பித்தார்கள்.

நாளை செருப்பு மாற்ற வேண்டும். வார் அறுந்துவிடும்.

நவம்பர் 11, செவ்வாய்

மழை இல்லை. குடையைச் சுமந்ததுதான் மிச்சம்.

தொடக்க விழா இன்றைக்காம். நேற்று நடந்தது என்னவோ. தே. சார்: "பொண்ணு ஒண்ணு இருக்குல்ல, அத முன்னாடி நிக்க வைங்க."

அது. அத.

விருந்தினர் இருபது நிமிடம் பேசினார். பெண்கள் இந்தத் துறைக்கு வர வேண்டுமாம். வந்து நிற்பவளை ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை.

மதியம்தான் பேட்டரி. மெத்தை அளவுக்கு வெள்ளி நிறப் பெட்டி, அதன் பக்கத்தில் ஆரஞ்சு நிறப் பிளக். வண்டியில் வேறு எதைத் தொடுவதற்கும் முன் இதைப் பிடுங்க வேண்டும். பிடுங்கினால் உள்ளே மின்சாரம் நடுவில் அறுபடும். நானூறு வோல்ட். "வீட்டுக் கரண்டு மாரி உதறி விடாது. புடிச்சா புடிச்சதுதான்" என்றார் தே. சார்.

அதற்குத் தடித்த ரப்பர் கையுறை போட வேண்டும். மையத்தில் ஒரே ஜோடி. மணிக்கட்டில் 10 என்று அச்சு. என் முறை வந்தது. போட்டேன். விரல் நுனிக்கு அப்பால் ரப்பர் தொங்கியது. பிளக்கைப் பிடித்தால் கையுறை மட்டும் திரும்புகிறது, உள்ளே என் கை அப்படியே இருக்கிறது. தே. சார் பதறிப்போய் விலக்கிவிட்டார்.

"கை சின்னது. புடி நிக்காது. ரிஸ்க்கும்மா. நீ தள்ளி நில்லு. பாத்துக் கத்துக்க."

பின்னாலிருந்து ஒரு குரல்: "வளையல் போடற கைக்கு இன்னாத்துக்குடா வோல்ட்டு?"

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஏன் சிரித்தேன்? இப்போது எழுதும்போதுகூடக் காது சுடுகிறது.

தரையில் மஞ்சள் கோடு. அதற்கு வெளியே நின்றேன், ஐந்து மணி வரை.

இரண்டு நாளில் என் கை பட்டவை:
1. குத்துவிளக்குத் திரி
2. பூங்கொத்து
3. பேனரின் இடது ஓரம்
4. டீத் தட்டு ("நீயே எல்லாருக்கும் குடுத்துடும்மா")

நவம்பர் 12, புதன்

மழை. மையத்தின் மாடியில் ஒழுகல், பேட்டரி மேல் தார்ப்பாய்.

அந்தோணி அண்ணன் முறை. இஞ்சினை விளையாட்டுச் சாமான் மாதிரிப் பிரிப்பவர், இன்று நெற்றியில் வேர்வை. சிலுவை போட்டுக்கொண்டார். "மாதாவே" என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டு பிளக்கைப் பிடுங்கினார். வந்துவிட்டது. கை தட்டினோம். வெளியே போய்க் குழாயடியில் முகம் கழுவினார். "பொண்ணு கல்யாணத்த வெச்சிக்கினு இதெல்லாம் தேவையா தங்கச்சி" என்றார். ஆனால் சிரித்தபடி.

பிறகு போட்டோக்காரர் வந்தார். மேலே அனுப்ப வேண்டுமாம். அதற்கு மட்டும் மஞ்சள் கோடு இல்லை. "நீ வாம்மா. கிளவுஸ் போட்டுக்க. பிளக்குல கை வெக்கிற மாரி நில்லு. தொடாத."

நேற்று ரிஸ்க். இன்று போஸ்.

போடுவதற்கு முன் கையுறையை மணிக்கட்டுப் பக்கமிருந்து சுருட்டி, உள்ளே காற்றை அடைத்து, கன்னத்தருகே பிடித்துப் பார்த்தேன். திங்களன்று தே. சாரே படித்த சிலைடு அது. எத்தனையோ பேர் போட்டுக் கழற்றினார்கள், ஒருவரும் செய்யவில்லை. வலது கட்டைவிரல் இடுக்கிலிருந்து கன்னத்தில் மெல்லிய காற்று. ஊசி நுனி அளவு ஓட்டை. ஊசி நுனி போதும்.

"சீக்கிரம்மா, லைட்டு போவுது" என்றார் போட்டோக்காரர்.

சொல்லவில்லை. வாய் வரவில்லை. போட்டுக்கொண்டு நின்றேன். சிரிக்கச் சொன்னார். சிரித்தேன். மறுபடியும்.

வீட்டில் அம்மாவின் தையல் டேப்பால் உள்ளங்கையைச் சுற்றி அளந்தேன். ஏழு அங்குலம். அங்குலக் கணக்குதான் கையுறை நம்பர். ஏழாம் நம்பர் உண்டு, இணையத்தில் பார்த்தேன். உலகத்தில் இல்லாததை நான் கேட்கவில்லை.

அம்மா கடற்கரைப் பக்கம் ஓர் ஓட்டலில் அறை சுத்தம் செய்கிறாள். கேட்டுவிட்டு, "எங்க ஓட்டல்ல கக்கூஸ் கழுவறதுக்கே சின்னது, நடுத்தரம், பெருசுன்னு மூணு சைசு வெச்சிருக்கான். நானு சின்னது" என்றாள். அதைச் சாதாரணமாகச் சொல்லிவிட்டுக் குழம்பைக் கிளறப் போய்விட்டாள்.

கக்கூஸ் கழுவ என்றால் எங்கள் கைக்கு அளவு இருக்கிறது.

நவம்பர் 13, வியாழன்

வெயில். செருப்பு அறுந்தேவிட்டது. ஊக்கு.

அந்த ஓட்டையோடுதான் எழுந்தேன். டெம்போவில் ஒத்திகை: சார், கையுறையில் ஓட்டை. மூன்றே வார்த்தை. உள்ளே போனதும் மூன்றும் காணோம்.

தே. சார்: "அந்தோணி, நேத்து வீடியோ சரியா வுழல. இன்னொரு வாட்டி கழட்டு."

அண்ணன் எழுந்தார். வலது கையுறையை இழுத்துப் போட்டார். சிலுவை. பிளக்கை நோக்கிக் குனிந்தார்.

கத்திவிட்டேன். "அண்ணே! தொடாதீங்க! ஓட்டை!"

என் குரல் இவ்வளவு பெரிசு என்று எனக்கே தெரியாது. மஞ்சள் கோட்டைத் தாண்டிப் போய்க் கையுறையை உருவி, சுருட்டி, அண்ணன் கன்னத்தில் வைத்தேன். அவருக்குக் காற்று பட்டது. முகம் வெளுத்தது.

தே. சார் சிரித்தார். "அட, இதுக்காம்மா இந்தக் கத்து? உள்ள ஒண்ணும் இல்ல. பேட்டரி செல்லு இன்னும் வரல. காலிப் பெட்டிதான்."

அண்ணன்: "இன்னா சார்? காலியா?"

"ட்ரெய்னிங்குக்கு இது போதும்யா."

"அப்ப நேத்து நானு மாதாவக் கூப்ட்டது காலிப் பொட்டிக்கா சார்?"

அறை முழுக்கச் சிரிப்பு. அண்ணனும் சிரித்தார். எனக்கு வரவில்லை.

காலிப் பெட்டி. சோற்றுப் பாத்திரம் மாதிரி. தட்டினால் டங் என்றிருக்கும். அதைத்தான் மூன்று நாளாக நான் தொடக் கூடாது. அதற்குத்தான் மஞ்சள் கோடு. அதற்குத்தான் ரிஸ்க்கும்மா. ஒன்றுமில்லாததிலிருந்து என்னைக் காப்பாற்றியிருக்கிறார்கள். ஆனால் ஜனவரியில் பட்டறைக்கு வரும் வண்டி காலியாக வராது. இந்தப் பதினேழு பேரும் ஓட்டைக் கையுறையைச் சுருட்டிப் பார்க்காமல் போய் அதில் கை வைப்பார்கள்.

தே. சார் தனியாகக் கூப்பிட்டார். "ஓட்டை நேத்தே தெரியும்ல? நேத்தே ஏன் சொல்லல?"

அந்தக் கேள்வி நியாயம்தான். இன்று முழுக்க அவர் சொன்னதில் அது ஒன்றுதான் நியாயம். அதனால் இன்னும் கோபம். என் மேல்.

நவம்பர் 14, வெள்ளி

மேகமூட்டம். புது ரப்பர் செருப்பு. கடிக்கிறது.

பதிவேடு நிரப்பும் நாள். தே. சார் பலகையில் எழுதிப் போட்டார்: "உயர் மின்னழுத்தப் பேட்டரியைப் பாதுகாப்பு விதிகளின்படி நானே துண்டித்தேன்." எல்லாரும் பார்த்து எழுதினார்கள். பள்ளிக்கூடத்தில் காப்பி எழுதுவது போல. ஒருவன் 'துண்டித்தேன்' என்பதைத் 'தண்டித்தேன்' என்று எழுதிவிட்டு அழிரப்பர் கேட்டான்.

வரிசையாகக் கையெழுத்து. என்னிடம் வந்தார். கட்டம் காலி.

"எழுதும்மா."

"நான் செய்யல சார்."

"பாத்த இல்ல? பாத்ததும் செஞ்ச மாரிதான். எழுது, போட்டுடறேன். உனக்குத்தானே அது வேணும்னு உங்க மேனேஜர் போன்ல சொன்னாரு."

பேனா மூடியைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றார். என் கைக்கு எட்டும் தூரத்தில் பட்டறை. ஒரு வரி. "நாளைக்குத் தரேன் சார்" என்றேன். வேறென்ன சொல்ல வரும் எனக்கு.

டீ வேளையில் அந்தோணி அண்ணன்: "எழுதித் தொல தங்கச்சி. நானு எழுதல? உள்ள வந்துடு மொதல்ல, அப்புறம் பாத்துக்கலாம்."

"அப்புறம் உங்களுக்கு எதனா ஆச்சின்னா?"

டம்ளரைக் கழுவினார். பிறகு, "அந்தக் கிளவுஸ எப்பிடி சுருட்டுன? இன்னொரு தபா காமி" என்றார். காண்பித்தேன். அவரே இரண்டு தடவை செய்து பார்த்தார்.

வீட்டுக்கு வந்ததும் அப்பாவின் பெட்டியிலிருந்து அவருடைய பழைய லேமினேட் செய்த சான்றிதழை எடுத்தேன். அப்பா வேலை பார்த்த மில்லை மூடியபோது வேலை போனவர்களுக்குக் கம்ப்யூட்டர் பயிற்சி கொடுத்தார்களாம். அதற்கானது. அப்பா இப்போது அடுக்குமாடியில் வாட்ச்மேன்.

"கம்ப்யூட்டரத் தொட்டியாப்பா?"

"எங்க? தூசி படும்னு துணி போட்டு மூடி வெச்சிருந்தாங்க. ஆனா செருப்ப வெளியதான் உடணும்."

"நீ கேக்கலியா, தொறந்து காமிங்கன்னு?"

"கேட்டா இன்னா நெனைச்சுக்குவாங்களோன்னு..." சிரித்தார். "எல்லாரும் கம்முனு இருந்தாங்க. நானும் கம்முனு இருந்துட்டேன். எடுத்து வெச்சிடு கௌசி, மூலை மடங்கப்போவுது."

அவர் மேல் கோபப்பட முடியவில்லை. அந்தத் துணியின் மேல் கோபம். வெளியே வரிசையாகக் கிடந்த செருப்புகளை நினைத்தால் கோபம். அப்பாவிடமிருந்து நிறம் வந்தது, மூக்கு வந்தது, இந்தக் கம்மென்று இருப்பதும் வந்திருக்கிறது.

நவம்பர் 15, சனி

பலத்த மழை. மதிப்பீட்டு நாள். சென்னையிலிருந்து மதிப்பீட்டாளர் வந்திருக்கிறார். ஒவ்வொருவராக உள்ளே. பொண்ணு கடைசி, தே. சார் ஏற்பாடு. வராந்தாவில் உட்கார்ந்து எழுதுகிறேன். பதினாறு பேர் முடிந்தது. சராசரி நான்கு நிமிடம். வெளியே வருபவர்கள் எல்லாருக்கும் ஒரே முகம்: பாஸ்.

தே. சார் இரண்டு தடவை வந்து பார்த்துவிட்டார். "எழுதிட்டியாம்மா? அவரு மூணு மணி பஸ்ஸைப் புடிக்கணும். எதையும் பெருசு பண்ணாத."

அந்தோணி அண்ணன் இப்போதுதான் வெளியே வந்தார். பக்கத்தில் நின்று குரலைத் தாழ்த்தினார். "உள்ள கிளவுஸ குடுத்தாங்க. சுருட்டிப் பாத்தேன். அதே ஓட்டை. 'இது ஓட்டை சார், போட மாட்டேன்'னு சொல்லிட்டேன். அந்தாளு முழிக்கிறான்." அவருக்கே ஆச்சரியம். "பாஸா ஃபெயிலா தெரில. நீ போ. தொண்டையத் தொறந்து பேசு."

தொண்டையை நம்ப முடியாது. வியாழன் மாதிரி இன்னொரு தடவை கத்த வருமா, தெரியாது. அதனால் முன்பக்கத்தில் மையால் எழுதிவிட்டேன். 'நானே செய்தது' கட்டத்தில்: இல்லை.

பின்பக்கத்தைக் கிழிக்கவில்லை. இங்கே யாரும் எதையும் திருப்பிப் பார்ப்பதில்லை, ஆறு நாளில் தெரிந்துவிட்டது.

என் பெயரைக் கூப்பிடுகிறார்கள்.

'குறிப்பு' கட்டத்திலும் எழுதியிருக்கிறேன். கட்டம் சின்னது, அதனால் எழுத்தும் பொடி. படிக்க முடியவில்லை என்றால் நானே படித்துக் காட்டுவேன்:

ஐயா, எனக்கு ஏழாம் நம்பரில் ஒரு ஜோடி கையுறை வேண்டும். ஓட்டை இல்லாதது. செல் உள்ள பேட்டரி ஒன்று வேண்டும். அதை நான் கழற்ற வேண்டும். கழற்றிய பிறகு கையெழுத்துப் போடுங்கள்.