வரைபடத்தில் கிடங்கு

என் கோபக்காரிக்கு,

சாப்பிட்டுவிட்டேன். வாசலில் துப்பாக்கியோடு நிற்பவன் என் டிரைவர்தான். என் முகத்தைப் பார்க்கவே கூசுகிறான்.

நம் மகள் பிறந்த ஆஸ்பத்திரி எதிரியின் பக்கம் போய்விட்டதல்லவா? மேலிடத்து வரைபடத்தில் அது இன்னும் பழைய ஆயுதக் கிடங்குதான். தகர்க்கச் சொல்லி உத்தரவு வந்தது. உள்ளே நோயாளிகள் இருக்கிறார்கள் என்று போனில் கத்தினேன்.

"ஜெனரல், உங்களைக் கேட்டுக்கிட்டா வரைபடம் போடுவாங்க? சொன்னதைச் செய்ங்க."

முடியாது என்றேன். பதவியைப் பிடுங்கி இந்த அறையில் அடைத்துவிட்டார்கள். "மேலிடம்னா நீங்க வாயில்லாப் பூச்சி" என்பாயே, இன்று நீ பக்கத்தில் இருந்திருக்க வேண்டும்.

இப்போது ஜன்னல் கண்ணாடி அதிர்கிறது. என் பீரங்கிகள்தான். குறி தப்பாது. அந்தப் பையன்களைப் பழக்கியவன் நான்.

உன்
வாயில்லாப் பூச்சி